செக்கில் யார் கையெழுத்து? – வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை சட்டம், ஊர், காசு என்ற மூன்றையும் சுற்றியே இருந்தன. 1986 முதல் 2017 வரை சிவகங்கை, ராமநாதபுரம் பக்கத்து ஊராட்சி ஒன்றிய அலுவலகங்களில் வேலை பார்த்தவள் என்பதால் என்னைக் கேட்டிருக்கிறீர்கள். பார்த்ததையும் படித்ததையும் வைத்துச் சொல்கிறேன்.

கேள்வி: அரசியலமைப்புச் சட்டம் டெல்லிக்கும் சென்னைக்கும்தானே? எங்கள் ஊரில் எல்லாமே ஊர்க் கட்டுப்பாட்டில்தான் நடக்கிறது. அந்தப் புத்தகம் எங்கள் ஊருக்குள் வந்ததாகவே தெரியவில்லை.
– கல்லூரி மாணவர், திருப்பத்தூர் (சிவகங்கை மாவட்டம்)

தம்பி, உங்கள் ஊர்க் கண்மாயில் மீன்பாசி ஏலத்தை, அதாவது மீன் பிடிக்கும் உரிமைக்கான ஏலத்தை, யார் விடுகிறார்கள்? ஏலத்தொகை எந்தக் கணக்கில் ஏறுகிறது? அப்பா தாத்தாவிடம் கேட்டுப் பாருங்கள். அந்தப் புத்தகம் உங்கள் ஊருக்குள் எந்த வழியாக வந்தது என்று தெரிந்துவிடும்.

நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு கிராமத்தில் அந்த ஏலத்தைப் பார்த்தேன். சாவடி முன்னால் ஜமுக்காளம் விரித்து ஊர்ப் பெரியவர்கள் ஏழெட்டுப் பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஏலம் எடுத்தவர் பணத்தை அங்கேயே எண்ணி வைத்தார். அது 'ஊர்ப் பொது'வுக்குப் போனது. கோயில் திருவிழா, மடை ரிப்பேர், ஊருக்கு எதிரான கேஸுக்கு வக்கீல் ஃபீஸ் எல்லாம் அதிலிருந்துதான். ஒரு விஷயத்தை ஒத்துக்கொள்ள வேண்டும். மடை உடைந்தால் மறுநாள் காலையில் ஆள் இறங்கிவிடும். எங்கள் ஆபீஸில் மதிப்பீடு போட்டு ஒப்புதல் வாங்கி வேலை தொடங்க அப்போது மூன்று மாதம் ஆகும். ஊர் ஒப்பந்தம் என்பது வெறும் பேச்சு இல்லை, அது வேலை செய்தது.

ஆனால் யாருக்கு யாரோடு ஒப்பந்தம்? தலைக்கட்டு வரி, அதாவது குடும்பத்துக்கு இவ்வளவு என்று ஊர் வசூலிக்கும் வரி, கொடுக்கிறவர்கள்தான் ஊர். கணவனை இழந்தவள் தனியாக இருந்தால் அரை வரி, சாவடியில் பேச்சு கிடையாது. காலனிக்காரர்கள் தலைக்கட்டுக் கணக்கிலேயே இல்லை. கண்மாய்க்கு நீர்பாய்ச்சி அங்கிருந்துதான். ராத்திரி மழையில் மடையைத் திறந்து மூடுகிறவர் அவர். கரையில் முள் வெட்டுகிறவர்களும் அவர்கள். ஆனால் மீனில் பங்கு இல்லை, ஏலம் கேட்கவும் முடியாது. எந்தக் காகிதத்திலும் எழுதாத விதி இது. எல்லாருக்கும் மனப்பாடம்.

ஊராட்சிகளை அரசியலமைப்புக்குள் கொண்டுவந்த 73-ஆவது திருத்தம் 1993 ஏப்ரல் 24-ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. அடுத்த ஆண்டு தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம். 1996 அக்டோபரில் தேர்தல். தலைவர் பதவிகள் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் மக்கள்தொகை விகிதப்படி, பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் என்று ஒதுக்கப்பட்டன. சாவடியில் எண்ணிய பணம் இனிமேல் ஊராட்சிக் கணக்கில் ஏற வேண்டும், அந்தக் கணக்கில் கையெழுத்துப் போடுகிறவர் காலனியிலிருந்து வரலாம் என்றபோதுதான் பல ஊர்களுக்கு அந்தத் திருத்தத்தின் அர்த்தம் புரிந்தது. கோபம் நாற்காலியைப் பார்த்து மட்டும் வந்ததில்லை. நான் வேலை பார்த்த ஊர்களில் புளியமர ஏலம், மீன்பாசி ஏலம், கருவேல மர ஏலம் என்று பேச்சு வரும்போதுதான் குரல் உயரும்.

மதுரை மாவட்டம் மேலவளவில் என்ன நடந்தது என்று உங்கள் வயதுக்காரர்கள் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும். பட்டியல் சாதிக்கு ஒதுக்கப்பட்ட அந்த ஊராட்சியில் தலைவராக வென்ற முருகேசன், 1997 ஜூன் 30 அன்று பஸ்ஸில் ஊர் திரும்பும்போது வெட்டிக் கொல்லப்பட்டார். அவரோடு சேர்த்து ஆறு பேர். பதினேழு பேருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டு, உச்ச நீதிமன்றம் 2009-இல் அதை உறுதி செய்தது. கொலை நடந்த அந்த வாரம் எங்கள் ஆபீஸுக்கு வந்த தனி ஊராட்சித் தலைவர்கள் (பட்டியல் சாதிக்கு ஒதுக்கிய ஊராட்சிகளின் தலைவர்கள்) இரண்டு பேர் ராஜினாமா கடிதம் எப்படி எழுத வேண்டும் என்று கேட்டார்கள். எழுத வேண்டாம் என்று சொல்ல எனக்கு என்ன தகுதி என்று யோசித்துக்கொண்டே சொன்னேன். ஒருவர் எழுதவில்லை. இன்னொருவர் எழுதிவிட்டார்.

அதே 1996 முதல் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், விருதுநகர் மாவட்டத்தில் கொட்டகச்சியேந்தல் ஆகிய நான்கு தனி ஊராட்சிகளில் பத்து ஆண்டுகள் தலைவர் நாற்காலி உண்மையில் காலியாகவே கிடந்தது. யாரும் மனு போட மாட்டார்கள். போட்டு வென்றவர் உடனே ராஜினாமா செய்வார். திரும்பவும் இடைத்தேர்தல் அறிவிப்பு வரும், திரும்பவும் அதே கதை. 2006-இல்தான் வென்றவர்கள் பதவியில் உட்கார்ந்தார்கள். பத்து ஆண்டு தோல்வி என்று இதைச் சொல்கிறவர்கள் உண்டு. நான் அப்படிப் பார்க்கவில்லை. அந்தப் பத்து ஆண்டும் சட்டம் அந்த நாற்காலியை வேறு யாருக்கும் தூக்கிக் கொடுக்கவில்லை. ஊர் ஒத்துக்கொள்ளவில்லை, அதனால் பொதுவாக்கிவிடுவோம் என்று ஒரு சமரசம் செய்திருக்கலாம். செய்யவில்லை. ஊர் வழக்கம் அதுவரை பேரம் பேசியே ஜெயித்திருந்தது. பேரம் பேச முடியாத ஒன்றை அப்போதுதான் அது சந்தித்தது.

கேள்வி: எங்கள் ஊராட்சித் தலைவர் பெண். ஆனால் கூட்டத்துக்கு வருவது, கான்ட்ராக்டரிடம் பேசுவது, ஆபீஸுக்குப் போவது எல்லாம் அவர் கணவர். இதற்கு 50 சதவீதம் எதற்கு அக்கா?
– வார்டு உறுப்பினராக இருந்தவர், பரமக்குடி பக்கம்

தங்கச்சி, உன் கோபம் நியாயம். தமிழ்நாட்டில் 2016-இல் பெண்களுக்கான ஒதுக்கீட்டை 50 சதவீதமாக உயர்த்தியபோது எனக்கே சந்தேகம் இருந்தது, கணவர்கள் எண்ணிக்கைதான் கூடுமோ என்று. ஆனால் ஒரு பெண்ணின் கதையைச் சொல்கிறேன். பெயரும் ஊரும் வேண்டாம்.

தனி ஊராட்சி, பெண் தலைவர். சித்தாள் வேலை பார்த்தவர். நம் ஊராட்சிகளில் செக்கில் தலைவர் கையெழுத்து மட்டும் போதாது, துணைத் தலைவரும் போட வேண்டும். தலைவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். துணைத் தலைவரை வார்டு உறுப்பினர்கள் தங்களுக்குள் தேர்ந்தெடுக்கிறார்கள். துணைத் தலைவர் பதவிக்கு ஒதுக்கீடு கிடையாது. இந்த மூன்றையும் சேர்த்துப் பார். முன்வாசலில் ஒருவரை உட்காரவைத்த சட்டம் பின்வாசல் சாவியை வேறு ஒருவரிடம் கொடுத்துவிட்டது. தப்பு நடக்காமல் தடுக்கத்தான் இரட்டைக் கையெழுத்து என்று வைத்தார்கள். பல தனி ஊராட்சிகளில் அது தலைவரை முடக்கும் கயிறாக ஆனது.

அந்த ஊரில் துணைத் தலைவர் நான்கு மாதம் கையெழுத்துப் போடவில்லை. மேல்நிலைத் தொட்டி ஆபரேட்டருக்குச் சம்பளம் இல்லை. பியூஸ் போன தெருவிளக்கு மாற்றக் காசு இல்லை. ஊரில் பேச்சு என்ன தெரியுமா? 'பொம்பளைக்கு நிர்வாகம் தெரியல.' அந்த அம்மா ஒவ்வொரு திங்கட்கிழமையும் பாதி கையெழுத்துப் போட்ட செக்கை எடுத்துக்கொண்டு ஆபீஸுக்கு வருவார். காத்திருக்கும் நேரத்தில் என் பக்கத்தில் உட்கார்ந்து ரொக்கப் புத்தகத்தை எப்படிப் படிப்பது என்று கேட்பார். வரவு எது, செலவு எது, ஆரம்ப இருப்பு என்றால் என்ன? மாவட்ட ஆட்சியர் தலையிட்டுக் கையெழுத்து அதிகாரத்தை மாற்றிக் கொடுப்பதற்குள் அவருக்குப் புத்தகம் மனப்பாடம் ஆகிவிட்டது.

அதற்கு அடுத்த வருடம் ஒரு சிறுபாலம் கட்டிய பில் வந்தது. 40 மூட்டை சிமென்ட் என்று போட்டிருந்தது. அவர் கணவரே பில்லைக் கொண்டுவந்து கையெழுத்துக் கேட்டார். அந்த அம்மா போடவில்லை. காலிச் சாக்கை எண்ணினேன், 26-தான் இருக்கிறது என்றார். சித்தாளாக இருந்தவருக்கு ஒரு பாலத்துக்கு எத்தனை மூட்டை ஆகும் என்று எஞ்சினியர் சொல்லித்தர வேண்டியதில்லை. நான் பார்த்த எத்தனையோ தணிக்கை அறிக்கைகளைவிட அந்தக் காலிச் சாக்குக் கணக்கு பெரியது.

எல்லாரும் அப்படி ஆவதில்லை. கணவர் நிழலிலேயே ஐந்து ஆண்டு முடித்தவர்களையும் பார்த்திருக்கிறேன். ஆனால் கையெழுத்து அவளுடையது என்று சட்டம் எழுதிவைத்ததால்தான் என்றைக்காவது ஒருநாள் 'போடமாட்டேன்' என்று சொல்லும் வாய்ப்பு அவளுக்கு வருகிறது. அடுத்த தடவை கூட்டத்துக்குக் கணவர் வந்தால், தலைவர் எங்கே என்று எழுந்து கேள். தீர்மானப் புத்தகத்தில் வருகைப் பதிவைக் காட்டச் சொல். கேட்க உனக்கு உரிமை இருக்கிறது.

கேள்வி: உத்திரமேரூரில் ஆயிரம் வருடத்துக்கு முன்பே குடவோலை முறை இருந்ததே! நமக்கு எதற்கு வெளியிலிருந்து அரசியலமைப்பு?
– ஓய்வுபெற்ற தமிழாசிரியர், காஞ்சிபுரம்

ஐயா, அந்த வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரின் முன்னால் நானும் நின்று பார்த்திருக்கிறேன். மெய்சிலிர்த்தது உண்மை. முதலாம் பராந்தகன் காலத்து 919, 921-ஆம் ஆண்டுக் கல்வெட்டுகள். முப்பது குடும்புகள், அதாவது இன்றைய வார்டு மாதிரி. ஓலையில் பெயர் எழுதிக் குடத்தில் இட்டு, விவரம் அறியாத சிறுவனை எடுக்கச் சொல்வார்கள். வாரியம் என்றால் குழு. ஆண்டு வாரியத்துக்கு 12 பேர், தோட்ட வாரியத்துக்கு 12 பேர், ஏரி வாரியத்துக்கு 6 பேர். கணக்குக் காட்டாதவரும் அவருடைய நெருங்கிய உறவினர்களும் குடவோலைக்குத் தகுதியில்லை. மூன்று ஆண்டுக்குள் வாரியம் செய்தவர் திரும்ப வரக்கூடாது. கணக்குக் காட்டாதவனின் மைத்துனனைக்கூட விலக்கிவைத்த விதியை இன்றைக்குக் கொண்டுவந்தால் எத்தனை பேர் மிஞ்சுவார்கள் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

ஆனால் அதே சுவரில் தகுதியும் எழுதியிருக்கிறது. வரி செலுத்தும் நிலம் கால்வேலிக்கு மேல் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும், வேதப் பயிற்சி வேண்டும். நிலம் அரைக்கால்வேலிதான் என்றால் ஒரு வேதமும் ஒரு பாஷ்யமும் கற்றிருக்க வேண்டும். அது ஒரு பிரமதேய ஊரின், அதாவது பிராமணர்களுக்குத் தானமாகக் கொடுத்த ஊரின், சபை. அந்த ஏரியில் வண்டல் வெட்டியவர் பெயர் ஓலையில் ஏற வழியில்லை. எந்தப் பெண்ணின் பெயரும் இல்லை. தமக்குள் அவ்வளவு நேர்மையாக விதி எழுதிக்கொண்டவர்கள், 'தமக்குள்' என்ற வட்டத்தை மட்டும் தொடவில்லை. மேலே சொன்ன சாவடி ஏலத்துக்கும் இதற்கும் அந்த ஒரு இடத்தில் ஒற்றுமை. 1949 நவம்பர் 25 அன்று அம்பேத்கர் அரசியல் நிர்ணய சபையில் எச்சரித்ததும் இதைத்தான்: அரசியலில் சமத்துவம், சமூகத்திலும் பொருளாதாரத்திலும் சமத்துவமின்மை என்ற முரண்பாட்டோடு குடியரசுக்குள் நுழைகிறோம் என்று.

நம் நீர் மரபைப் பற்றி இன்னொரு தகவலும் உண்டு. குடிமராமத்து, அதாவது ஏரி கண்மாயைச் செப்பனிடுவது, ஊர் தானாகவே செய்துவந்த வேலைதான். ஆனால் 1858-இலேயே ஆங்கிலேயர்கள் அதற்கு மெட்ராஸ் கட்டாய உழைப்புச் சட்டம் போட வேண்டியிருந்தது. வழக்கம் தன்னால் நடக்கும் வரை சட்டம் தேவைப்படவில்லை. நிலத்தீர்வையும் ஏரியின் பொறுப்பும் அரசிடம் போன பிறகு, என் ஏரி என்று மண்வெட்டி எடுக்கும் மனசு குறைந்தது. அப்புறம் கட்டாயம் வந்தது. கட்டாயத்தில் எந்தக் கண்மாயும் நிறைந்ததில்லை.

கேள்வி: எங்களுடையது சின்ன பனியன் யூனிட். வரியை ஏற்றுகிறார்கள், இறக்குகிறார்கள். இதை முடிவுசெய்வது யார்? எங்கள் மாநிலத்துக்குப் பேச்சு இருக்கிறதா இல்லையா?
– ஜாப்ஒர்க் செய்பவர், திருப்பூர்

இருக்கிறது, ஆனால் எடை குறைவு. 2016-இன் 101-ஆவது திருத்தத்தில் வந்த 279-ஏ பிரிவுதான், மத்திய மாநில அமைச்சர்கள் கூடி வரி விகிதத்தைப் பரிந்துரைக்கும் ஜிஎஸ்டி கவுன்சிலின் அடிப்படை. வாக்கெடுப்பு என்று வந்தால் மத்திய அரசின் வாக்குக்கு மூன்றில் ஒரு பங்கு எடை. எல்லா மாநிலங்களுக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு பங்கு. தீர்மானம் நிறைவேற நான்கில் மூன்று பங்கு எடை வேண்டும். கணக்குப் போட்டுப் பாருங்கள்: மத்திய அரசு ஒத்துக்கொள்ளாமல் எல்லா மாநிலங்களும் சேர்ந்தாலும் ஒன்றும் நிறைவேறாது. மாநிலங்கள் தடுக்க வேண்டும் என்றால், எல்லா உறுப்பினர்களும் வாக்களிக்கும்போது, 12 மாநிலங்களாவது கைகோக்க வேண்டும். தமிழ்நாட்டுக்கும் சிக்கிமுக்கும் ஒரே எடை.

உங்கள் தொழிலுக்கே ஒரு உதாரணம் இருக்கிறது. 2022 ஜனவரி 1 முதல் துணிகளுக்கு 5-லிருந்து 12 சதவீதம் என்று அறிவித்திருந்தார்கள். பல மாநிலங்கள் எதிர்த்தன. கடைசி நாளான 2021 டிசம்பர் 31 அன்று கவுன்சில் கூடி அதைத் தள்ளிவைத்தது. பல கட்சி ஆளும் மாநிலங்கள் ஒரே குரலில் பேசினால் என்ன ஆகும் என்பதற்கு அதுவே சாட்சி. 2022 மே மாதம் உச்ச நீதிமன்றம், கவுன்சிலின் பரிந்துரைகள் நாடாளுமன்றத்தையோ சட்டமன்றங்களையோ கட்டுப்படுத்தாது என்று தீர்ப்புச் சொன்னது. ஆனாலும் தனியாக விலகிப் போக எந்த மாநிலமும் துணிவதில்லை. வாங்கும்போது கட்டிய வரியை விற்கும்போது கட்டும் வரியில் கழிக்கும் சங்கிலியில் ஒருவர் விகிதத்தை மாற்றினால் எல்லார் கணக்கும் சிக்கலாகிவிடும் என்பது ஒரு காரணம்.

ஆகவே உங்கள் சங்கம் மனு கொடுக்கும்போது டெல்லிக்கு மட்டும் அனுப்பாதீர்கள். சூரத், லூதியானா சங்கங்களோடு பேசுங்கள். அவர்கள் மாநில நிதியமைச்சர்களின் வாக்கும் உங்கள் விலையைத் தீர்மானிக்கிறது.

கேள்வி: ரோடு போட நிலம் எடுக்கப் போகிறார்களாம். சொத்துரிமை அடிப்படை உரிமைதானே? மறுக்க முடியாதா?
– விவசாயி, திருவண்ணாமலை மாவட்டம்

இப்போது அது அடிப்படை உரிமை இல்லை. 1978-இன் 44-ஆவது திருத்தம் அதை அந்தப் பட்டியலிலிருந்து எடுத்து, 300-ஏ பிரிவில் வைத்தது. சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக்கூடாது என்பது அந்தப் பிரிவு. ஜமீன் ஒழிப்பு, நில உச்சவரம்பு என்று நிலச் சீர்திருத்தம் செய்யும்போதெல்லாம் சொத்துரிமையைக் காட்டி வழக்குப் போட்டதுதான் இந்த நீண்ட இழுபறியின் தொடக்கம். நிலம் இல்லாதவர் பக்கம் நின்று எடுத்த முடிவு, கடைசியில் சிறு நிலம் வைத்திருப்பவரையும் கொஞ்சம் பாதுகாப்பில்லாமல் விட்டது. இது எனக்கு இன்னும் உறுத்தும்.

ஆனால் 300-ஏ வெறும் சொல் இல்லை. ஹிமாசலப் பிரதேசத்தில் ஒரு மூதாட்டியின் நிலத்தை 1967-இல் ரோட்டுக்கு எடுத்து, இழப்பீடே கொடுக்காமல் விட்டிருந்தார்கள். 2020-இல் உச்ச நீதிமன்றம் அவருக்குக் கொடுக்கச் சொன்னது. 2024 மே மாதத் தீர்ப்பில், முன்னறிவிப்பு, ஆட்சேபத்தைக் கேட்பது, காரணம் சொல்வது, பொது நோக்கம், நியாயமான இழப்பீடு என்று தொடங்கி ஏழு கடமைகள் இந்தப் பிரிவுக்குள்ளேயே இருக்கின்றன என்று விளக்கியது. ஆகவே நோட்டீஸ் வந்தால் கிழித்துப் போடாதீர்கள். ஆட்சேபத்தை எழுத்தில், கெடுவுக்குள் கொடுங்கள். கையெழுத்தும் சீலும் போட்ட நகலை வாங்கிக்கொள்ளுங்கள்.

இழப்பீட்டுக்கு வருவோம். இதில் என் குடும்பம் பட்டது. 2013 நிலம் எடுப்புச் சட்டப்படி சந்தை மதிப்பைக் கணக்கிட, பத்திரப் பதிவு வழிகாட்டி மதிப்பையும் சுற்றுவட்டாரத்தில் பதிவான கிரயப் பத்திரங்களின் விலையையும் பார்ப்பார்கள். ஊரகப் பகுதிக்கு அதை 1 முதல் 2 வரை பெருக்கி, அதற்குமேல் 100 சதவீத ஆறுதல் தொகை சேர்ப்பார்கள். எங்கள் அப்பாவின் 62 சென்ட் பழைய 1894 சட்டக் காலத்தில் போனது. அப்போதும் பக்கத்துப் பத்திரங்கள்தான் அளவுகோல். எங்கள் பக்கத்தில் நிலம் விற்றவர் வாங்கியவர் எல்லாரும் முத்திரைத்தாள் செலவைக் குறைக்க, கைமாறிய விலையில் மூன்றில் ஒன்றைத்தான் பத்திரத்தில் எழுதியிருந்தார்கள். யாரும் அதைத் தப்பு என்றே நினைத்ததில்லை. எழுதுகிறவர், சாட்சி போடுகிறவர், பதிகிறவர் எல்லாருக்கும் தெரியும். ஊரே சேர்ந்து செய்துகொண்ட ஒரு ஒப்பந்தம். நிலம் எடுக்க வந்தபோது அந்த ஒப்பந்தம் எங்கள் எல்லார் தலையிலும் விழுந்தது. விலை அதற்கு மேல் என்று நிரூபிக்க ஒரு காகிதம்கூட இல்லை. சப்-கோர்ட்டுக்குப் போய்க் கொஞ்சம் கூடுதல் கிடைக்க ஒன்பது வருடம் ஆனது. அப்பா அந்தப் பணத்தைப் பார்க்கவில்லை.

உங்கள் ஊரில் இன்றைக்கு யாராவது பத்திரம் எழுதினால் உண்மை விலையை எழுதச் சொல்லுங்கள். பக்கத்து வீட்டுக்காரர் குறைத்து எழுதும் ஒவ்வொரு பத்திரமும் உங்கள் நிலத்தின் விலைதான்.

கேள்வி: அரசியலமைப்பை நூறு தடவைக்கு மேல் திருத்திவிட்டார்கள். அடிக்கடி திருத்துவது அதை அவமதிப்பதாகாதா?
– வாசகி, கும்பகோணம்

எதற்காகத் திருத்தினார்கள் என்பதைப் பொறுத்தது. முதல் திருத்தமே சென்னையால் வந்தது. மருத்துவ, பொறியியல் கல்லூரி இடங்களை 14 பங்காகப் பிரித்து, பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணர்களுக்கு 2, ஹரிஜனங்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியர், கிறிஸ்தவர்களுக்கு 1, முஸ்லிம்களுக்கு 1 என்று கொடுத்த வகுப்புவாரி அரசாணையை, செண்பகம் துரைராஜன் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1951 ஏப்ரலில் ரத்து செய்தது. இங்கே கொந்தளிப்பு. ஜூன் 18-ஆம் தேதிக்குள், பிற்படுத்தப்பட்டவர்களுக்குச் சிறப்பு ஏற்பாடு செய்ய அனுமதிக்கும் 15(4) உள்ளே வந்துவிட்டது. குடியரசுக்கு அப்போது ஒன்றரை வயதுகூட ஆகவில்லை. அந்த ஒரு உட்பிரிவு இல்லாவிட்டால் என் அலுவலகத்தில் பாதிப் பேரின் பிள்ளைகள் கல்லூரி வாசலைப் பார்த்திருக்க மாட்டார்கள். அதே திருத்தம்தான் நிலச் சீர்திருத்தச் சட்டங்களைப் பாதுகாக்க ஒன்பதாவது அட்டவணையையும் கொண்டுவந்தது. 1994-இல் நம் 69 சதவீத இட ஒதுக்கீட்டுச் சட்டம் ஏறியதும் அதே அட்டவணையில்.

கேள்வி: எங்கள் ஊராட்சியின் பதவிக்காலம் 2025 ஜனவரி 5-ஆம் தேதியோடு முடிந்து தனி அலுவலர் வந்தார். தலைவரே இல்லாதபோது நாங்கள் யாரிடம் கேட்பது?
– குடும்பத் தலைவி, விருத்தாசலம் பக்கம்

ஐந்து ஆண்டு முடிவதற்குள் தேர்தலை நடத்தி முடிக்க வேண்டும் என்று 243-இ பிரிவு கட்டாயமாகச் சொல்கிறது. உச்ச நீதிமன்றமும் நகராட்சிகள் விஷயத்தில் 2006-இல் இதை அழுத்திச் சொல்லியிருக்கிறது. ஆனாலும் 2016-இல் முடிந்த பதவிக்காலத்துக்கு நம் மாநிலத்தில் 27 மாவட்டங்களுக்கு 2019 டிசம்பரில்தான் ஊரகத் தேர்தல் வந்தது. வார்டு வரையறை, ஒதுக்கீடு, வழக்கு என்று காரணத்துக்குக் குறைவில்லை. தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள் இல்லை என்று மத்திய நிதிக்குழு மானியத்தை நிறுத்திவைத்தார்கள். 2017-இல் வேலையை விட்டு வரும் வரை கையில் ஃபைலோடு நான் பட்ட பாடு கொஞ்சமல்ல. தனி அலுவலர் என்பவர் ஏற்கெனவே ஒன்றியத்தில் முழுநேர வேலை இருக்கிறவர். பல ஊராட்சிகளுக்கு அவர் ஒருவர். அவருக்கு உங்கள் தெரு போர்வெல் எங்கே இருக்கிறது என்று தெரியாது. கெட்டவர் என்று சொல்லவில்லை, அவரை வீட்டு வாசலில் நின்று கேட்க உங்களால் முடியாது, அதுதான் வித்தியாசம்.

தலைவர் பதவி காலியாகும், கிராம சபை காலியாகாது அம்மா. வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள எல்லாரும் அதில் உறுப்பினர். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 என்று ஆண்டுக்கு ஆறு தடவை கூட வேண்டும். 500 பேர் வரை உள்ள ஊராட்சிக்கு 50 பேர் வந்தால் போதும். 3,000 வரை 100 பேர், 10,000 வரை 200, அதற்கு மேல் 300. பல ஊர்களில் நூறு நாள் வேலைக்கு வந்தவர்களிடம் கையெழுத்து வாங்கி இந்தக் கணக்கை நிரப்பிவிடுவார்கள். கூட்டம் நடந்ததே அவர்களுக்குத் தெரியாது.

நீங்கள் ஒன்று செய்யுங்கள். கூட்டத்துக்கு முதல் நாளே உங்கள் தெருப் பெண்கள் பத்துப் பேரிடம் சொல்லிவையுங்கள். போனதும் வரவு செலவு அறிக்கையைப் படிக்கச் சொல்லுங்கள், கடைசிப் பக்கம் வரை. குடிநீர் மோட்டார் ரிப்பேருக்கு எவ்வளவு எழுதியிருக்கிறது என்று கவனியுங்கள். எனக்குத் தெரிந்து ஊராட்சிக் கணக்கில் அடிக்கடி பழுதாகும் பொருள் அதுதான். உங்கள் தெருவில் எத்தனை நாள் தண்ணீர் வரவில்லை என்பது உங்களுக்குத்தானே தெரியும். உங்கள் கேள்வியைத் தீர்மானப் புத்தகத்தில் ஏற்றச் சொல்லுங்கள். ஏற்றிய பிறகு அதைப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். கடைசி வரிக்குக் கீழே இடம் விடாமல் கோடு போட்ட பிறகு கையெழுத்துப் போடுங்கள். காலி இடம் விட்டால் வீட்டுக்குப் போன பிறகு அதில் வேறு வரி வந்துவிடும். நான் பார்த்திருக்கிறேன்.